புதுக் கணினியில் பில் மென்பொருள் திறக்கவில்லை, எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை என்கிறது

மருந்துக்கடை_தம்பி:
அப்பாவின் கடைக்குப் புதிதாக ஒரு கணினி வாங்கியிருக்கிறோம், விண்டோஸ் 11. பழைய கணினியில் ஓடிக்கொண்டிருந்த பில் போடும் மென்பொருளின் ஃபோல்டரை அப்படியே பென்டிரைவில் எடுத்து வந்து போட்டுத் திறந்தால், எம்எஸ்விசிபி140.டிஎல்எல் கிடைக்கவில்லை, மறுபடி இன்ஸ்டால் செய்து பாருங்கள் என்று ஒரு பெட்டி வருகிறது. ஓகே அழுத்தினால் மூடிக்கொள்கிறது, அவ்வளவுதான். இன்ஸ்டால் செய்யும் சிடி எங்களிடம் இல்லை, செய்து கொடுத்தவர் போனை எடுப்பதில்லை. கூகுளில் தேடினால் அந்த ஒரு கோப்பை மட்டும் தனியாகத் தரும் தளங்கள் நிறைய வருகின்றன. அதை இறக்கிப் போடலாமா? கடையில் இப்போது கையால்தான் பில் எழுதுகிறார்கள், கொஞ்சம் அவசரம்.

வேகம்98:
இறக்கி சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டு ரெக்எஸ்விஆர்32 கட்டளை கொடுங்கள் சகோ. அதற்கும் வரவில்லை என்றால் எஸ்எஃப்சி ஸ்கேன் ஓட்டுங்கள்.

சர்வீஸ்_அண்ணன்:
தம்பி, அந்தத் தளங்கள் பக்கமே போக வேண்டாம். டிஎல்எல் என்பது வெறும் தகவல் கோப்பு இல்லை, ஓடக்கூடிய நிரல். பில் மென்பொருளுக்கு என்னென்ன அனுமதி இருக்கிறதோ அத்தனையும் அதற்கும் கிடைத்துவிடும். யார் ஏற்றினார்கள், உள்ளே என்ன சேர்த்தார்கள் என்று தெரியாத ஒன்றைக் கடைக் கணக்கு இருக்கிற கணினியில் போடாதீர்கள்.

விஷயம் இதுதான். ஊர்ப் பொதுவில் அண்டா குண்டா வாங்கி வைத்திருப்பார்கள், யார் வீட்டு விசேஷம் என்றாலும் அங்கிருந்து எடுத்துக்கொள்வார்கள் இல்லையா, டிஎல்எல்லும் அப்படித்தான், பல மென்பொருள்கள் பொதுவாகப் பயன்படுத்துவது. உங்கள் பில் மென்பொருளை மைக்ரோசாஃப்ட்டின் விஷுவல் சி++ என்ற நிரலெழுதும் கருவி கொண்டு எழுதியிருக்கிறார்கள், அதற்கு வேண்டிய பொதுக் கோப்புகள் விண்டோஸ் ஃபோல்டருக்குள் இருக்கும், மென்பொருளின் ஃபோல்டரில் இருக்காது. நீங்கள் அந்த ஃபோல்டரை மட்டும் காப்பி செய்ததால் அவை கூட வரவில்லை.

பெயரில் இருக்கும் எண்ணைப் பாருங்கள். 100 என்றால் விஷுவல் சி++ 2010, 120 என்றால் 2013, 140 என்றால் 2015-க்கும் அதற்குப் பின் வந்தவற்றுக்கும் சேர்த்து ஒரே தொகுப்பு. மைக்ரோசாஃப்ட் தளத்திலேயே விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்று இலவசமாகக் கிடைக்கும். அதை இன்ஸ்டால் செய்து, கணினியை ஒரு தடவை ரீஸ்டார்ட் செய்துவிட்டுத் திறந்து பாருங்கள்.

வேகம் சொன்னதில் இரண்டு இடறல். ரெக்எஸ்விஆர்32 எல்லா டிஎல்எல்லுக்கும் ஆனது இல்லை, தன்னைப் பதிவு செய்துகொள்ளும் வழி உள்ளே இருக்கிறவற்றுக்கு மட்டும்தான், இதில் அது கிடையாது, பிழைதான் வரும். எஸ்எஃப்சி விண்டோஸின் சொந்தக் கோப்புகளைத்தான் சரிபார்க்கும், இந்தத் தொகுப்பு தனியாக வந்து சேர்வது.

பெங்குவின்_ரசிகன்:
லினக்ஸிலும் இதே தொல்லை உண்டு, அங்கே டிஎல்எல்லுக்குப் பதில் .எஸ்ஓ கோப்புகள். உபுண்டு 22.04 என்ற லினக்ஸில், இணையத் தொடர்பைப் பாதுகாக்கும் பொதுக் கோப்புகளான ஓப்பன்எஸ்எஸ்எல்லின் 3-ஆம் பதிப்புதான் வருகிறது, 1.1-ஐ நம்பிய பழைய மென்பொருள் அதன் கோப்பான லிப்எஸ்எஸ்எல் இல்லை என்று நின்றுவிடும். சிலர் புதிய கோப்புக்குப் பழைய பெயரில் சிம்லிங்க், அதாவது ஒரு குறுக்குவழி, போடச் சொல்வார்கள், செய்யாதீர்கள், உள்ளே இருக்கும் ஃபங்ஷன்களே மாறிவிட்டன.

மருந்துக்கடை_தம்பி:
அண்ணா, எக்ஸ்64 (64 பிட்) தொகுப்பை இன்ஸ்டால் செய்து ரீஸ்டார்ட்டும் செய்துவிட்டேன். அதே பெட்டி, அதே பெயர். சிஸ்டம்32-க்குள் போய்ப் பார்த்தால் கோப்பு அங்கேயே இருக்கிறது, பிறகு ஏன் இல்லை என்கிறது?

சர்வீஸ்_அண்ணன்:
அப்படியென்றால் மென்பொருள் 32 பிட். பெயர்தான் குழப்பும், சிஸ்டம்32-இல் இருப்பவை 64 பிட் கோப்புகள், 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில் இருக்கும். 32 பிட் மென்பொருள் சிஸ்டம்32-ஐக் கேட்டாலும் விண்டோஸ் அதைச் சத்தமில்லாமல் சிஸ்வாவ்64-க்குத் திருப்பிவிடும், அங்கே உங்களிடம் ஒன்றும் இல்லை. 32 பிட்டுக்கான எக்ஸ்86 தொகுப்பையும் போடுங்கள், இரண்டும் ஒரே கணினியில் சேர்ந்து இருக்கலாம். தளத்திலிருந்து ஒற்றைக் கோப்பை இறக்கிப் போடுகிறவர்கள் மாட்டிக்கொள்வதும் இங்கேதான், 64 பிட் கோப்பை 32 பிட் மென்பொருளின் ஃபோல்டரில் போட்டுவிட்டு, சி000007பி என்று ஒரு பிழை எண் வந்ததும் திண்டாடுவார்கள்.

மருந்துக்கடை_தம்பி:
திறந்துவிட்டது! பழைய பில் எல்லாம் வருகிறது, பிரிண்டும் வருகிறது. ரொம்ப நன்றி அண்ணா. இன்னொன்று, பழைய கணினியில் இன்ஸ்டால் ஆனவற்றின் பட்டியலைப் பார்த்தேன், விஷுவல் சி++ 2008, 2010, 2012 என்று வரிசையாக இருக்கின்றன. அதில் பழையதையெல்லாம் நீக்கிவிடலாமா?

சர்வீஸ்_அண்ணன்:
கை வைக்காதீர்கள். 2008-ஐக் கேட்கும் மென்பொருளுக்கு 2010 உதவாது, ஒவ்வொன்றும் வேறு வேறு மென்பொருளுக்காக வந்தது, இடமும் பெரிதாக அடைக்காது. 2015-க்குப் பிறகு வந்தவற்றில் மட்டும்தான் புதியது பழையதன் இடத்தை எடுத்துக்கொள்ளும். நாளைக்கு வேறு ஏதாவது மென்பொருள் விசிரன்டைம்140_1 இல்லை என்று சொன்னால், அது 2019-இல் சேர்ந்த கோப்பு, மைக்ரோசாஃப்ட் தளத்தில் இருக்கும் புதிய எக்ஸ்64 தொகுப்பை மேலேயே போட்டால் போதும்.