ஓடைக்கரை வீட்டில் சனிக்கிழமை

வானதி: [படம்] நேற்று இரவு வாசல் விளக்கடியில் உட்கார்ந்திருந்தது. ஏறக்குறைய என் உள்ளங்கை நீளம். தாடையைப் பாருங்கள்! சனிக்கிழமை அப்பா பிறந்தநாளுக்குக் குழந்தைகள் எல்லாரும் ஓடையில்தான் விளையாடப் போகிறார்கள். இது என்னவென்று யாருக்காவது தெரியுமா?

மங்கை பெரியம்மா: ஐயோ

மங்கை பெரியம்மா: [பலமுறை பகிரப்பட்டது] எச்சரிக்கை! இந்தப் பூச்சி கடித்தால் அரை மணி நேரத்தில் உயிர் போய்விடும். உடனே அனைவருக்கும் அனுப்பவும்.

செல்வி அத்தை: இடத்தை மாற்றிவிடலாம். முதலிலேயே சொன்னேன், யார் கேட்டீர்கள்?

சுந்தரம் மாமா: நாற்காலி எத்தனை வேண்டும் என்று இன்னும் ஒருவரும் சொல்லவில்லை.

கவின்: இளங்கோ சித்தப்பாவைக் கூப்பிடுங்கள்.

செல்வி அத்தை: கூப்பிடவே வேண்டாம், தானாக வருவான். என் கல்யாணத்தன்று மாப்பிள்ளை வீட்டாரை நிற்கவைத்து மண்புழுவைப் பற்றிப் பேசியவன்.

இளங்கோ சித்தப்பா: அண்ணி, அந்தச் செய்தியை யாருக்கும் அனுப்பாதீர்கள், முழுப் பொய். இதற்கு நஞ்சே கிடையாது. இது டாப்சன் ஈ. பெயரில்தான் ஈ, ஈக் குடும்பமே அல்ல. நாம் இருக்கும் இந்தக் கிழக்கு அமெரிக்க அப்பலாச்சிய மலை ஓடைகளில் இருப்பது கோரிடாலஸ் கார்னுட்டஸ் என்ற இனம். வானதி எடுத்த படத்தில் இருப்பது ஆண். அந்தத் தாடை 4 சென்டிமீட்டர் வரை வளரும், ஆனால் அழுத்திக் கடிக்க அதில் வலுவில்லை. மற்ற ஆண்களோடு மல்லுக்கட்டவும், பெண்ணின் சிறகின் மேல் வைத்துக் காதல் சொல்லவும்தான். பெண்ணின் தாடை குட்டை. அதுதான் இரத்தம் வரக் கடிக்கும்.

செல்வி அத்தை: பார்க்கப் பெரிதாக இருப்பதெல்லாம் ஒன்றும் செய்யாது. எனக்கு இது எப்போதோ தெரியும்.

சுந்தரம் மாமா: என்னைச் சொல்கிறாயா?

மங்கை பெரியம்மா: இரத்தம் வருமா?? தம்பி, குழந்தைகள் தண்ணீரில் இறங்க வேண்டாம்.

கவின்: அம்மா, நான் இப்போது ஓடையில்தான் நிற்கிறேன். ஒரு கல்லைப் புரட்டினேன். கரும்பழுப்பாகத் தட்டையாக ஒன்று, விரல் நீளம். வயிற்றின் இரண்டு பக்கமும் கால் மாதிரி வரிசையாக நீட்டிக்கொண்டிருக்கிறது, ஒவ்வொன்றின் அடியிலும் பஞ்சுபோல ஒரு கொத்து. வால் முனையில் கொக்கிகள். குச்சியால் தொட்டால் பின்பக்கமாக ஓடுகிறது.

இளங்கோ சித்தப்பா: அதே பூச்சியின் குஞ்சுப்புழுதான்! மீன்பிடிப்பவர்கள் ஹெல்கிரமைட் என்பார்கள், தூண்டிலில் கோப்பார்கள். அந்தப் பஞ்சுக்கொத்துகள் செவுள். தண்ணீர் இழுத்துக்கொண்டு போகாமல் கொக்கிகளால் கல்லைப் பற்றிக்கொள்ளும். பெரும்பாலும் 2, 3 ஆண்டுகள் இப்படியே கல்லடியில் கிடந்து மற்றப் பூச்சிப் புழுக்களை வேட்டையாடும். சிறகு முளைத்த பிறகு கிடைப்பதோ சில நாள்கள், அதிகம் போனால் ஒன்றிரண்டு வாரம். கையால் எடுக்காதே, நன்றாகக் கடிக்கும். முக்கியமாக, கல்லை இருந்தபடியே திருப்பி வை.

கவின்: வைத்துவிட்டேன்

வானதி: அப்படியென்றால் நம் ஓடைத் தண்ணீர் சுத்தமாக இருக்கிறதா சித்தப்பா?

இளங்கோ சித்தப்பா: அதைத்தான் சொல்ல வந்தேன் அம்மா. ஆக்சிஜன் நிறைந்த, மாசு குறைந்த ஓட்டத்தில்தான் இவை பெருகும். சாக்கடை கலந்தாலோ, வண்டல் படிந்து கல்லிடுக்கு அடைபட்டாலோ முதலில் காணாமல் போகிறவற்றில் இவையும் சேரும். உன் வீட்டு வாசலுக்கு ஒன்று வந்திருப்பது எனக்கு எவ்வளவு மகிழ்ச்சி தெரியுமா?

மங்கை பெரியம்மா: உனக்கு மகிழ்ச்சி. பிள்ளைகளை யார் பார்த்துக்கொள்வது?

சுந்தரம் மாமா: நான் பார்த்துக்கொள்கிறேன்.

மங்கை பெரியம்மா: போன தடவை பார்த்துக்கொண்டீர்களே, மரத்தடியில் குறட்டை விட்டபடி.

சுந்தரம் மாமா: அதை விடுங்கள். பாலத்துக்கு அடியில் வெள்ளை வெள்ளையாகப் பறவை எச்சம் காய்ந்து ஒட்டியிருக்கிறது. விருந்தாளிகள் வருவதற்குள் சுரண்டிவிடலாம் என்று ஏணி எடுத்துவந்தேன்.

இளங்கோ சித்தப்பா: அத்தான், ஏறாதீர்கள்!! படம் எடுத்து அனுப்புங்கள்.

சுந்தரம் மாமா: [படம்]

இளங்கோ சித்தப்பா: இது எச்சமே இல்லை, முட்டைத் திட்டு. ஒவ்வொன்றிலும் ஏறக்குறைய 1000 முட்டை இருக்கும். மேலே சுண்ணாம்பு பூசியதுபோல் இருப்பது தாய்ப்பூச்சி மூடிய பூச்சு. பொரிக்கும் குஞ்சுகள் நேராகத் தண்ணீரில் விழ வேண்டும் என்றுதான் ஓடைக்கு மேலே இடம் பார்த்து வைக்கிறது. ஒன்றைக்கூடத் தொடாதீர்கள்.

சுந்தரம் மாமா: இதற்காகவா ஏணியை இவ்வளவு தூரம் தூக்கிவந்தேன்

வானதி: ஏணி இருக்கட்டும் மாமா, அலங்கார விளக்கு கட்ட வேண்டும்.

இளங்கோ சித்தப்பா: விளக்கு வேண்டாம் வானதி. வெளிச்சத்துக்கு வந்து அங்கேயே சுற்றிச் சுற்றிக் கிடக்கும். ஓடைப் பக்கமாவது அணைத்து வை.

செல்வி அத்தை: இருட்டில் கேக் வெட்டுவதா?

கவின்: பகலில் வெட்டலாமே

செல்வி அத்தை: அண்ணன் மத்தியானம் தூங்கிவிடுவார்.

மங்கை பெரியம்மா: பிள்ளைகள் செருப்பு போட்டுக்கொண்டு கணுக்கால் ஆழம்வரை மட்டும் இறங்கட்டும். அதையும் நான் வந்து பார்த்துவிட்டுத்தான் சொல்வேன்.

சுந்தரம் மாமா: நாற்காலி போதாது. கரையில் கிடக்கும் பழைய மரக்கட்டைகளை உருட்டிவந்து உட்காரப் போடட்டுமா?

இளங்கோ சித்தப்பா: வேண்டாம் அத்தான்! முழுதாக வளர்ந்த புழு தண்ணீரைவிட்டு ஏறி, அப்படிப்பட்ட கட்டைக்கும் கல்லுக்கும் அடியில் மண்ணில் அறை செய்துதான் கூட்டுப்புழுவாகும்.

சுந்தரம் மாமா: சரி. 24 பேர் வருகிறோம், 15 நாற்காலி இருக்கிறது. மீதிப் பேர் எங்கே உட்காருவது என்று இளங்கோவே சொல்லட்டும்.