முட்டைக் கள்ளன் இல்லை, சரி. பின்னே என்ன பெயர்? ஓவிராப்டர் கூட்டத்துக்குக் கலைச்சொல்

பாளையங்கோட்டையிலிருந்து:

அண்ணாச்சிமாருக்கும் அக்காமாருக்கும் வணக்கம்.

பள்ளிப் பிள்ளைகளுக்கான சுவர்ப்படம் ஒன்றுக்குச் சொற்கள் வேண்டும். பொருள், அலகும் இறகுமாகப் பறவைச் சாயலில் இருந்த டைனோசர்கள்; குறிப்பாக ஓவிராப்டரும் அதன் பங்காளிகளும். பெயரை அப்படியே தமிழாக்கினால் ‘முட்டைத் திருடன்’ என்று வருகிறது. படத்திலோ அது முட்டைமேல் படுத்திருக்கிறது. ‘திருடிட்டு அதுமேலயே ஏன் படுத்துக் கிடக்கு?’ என்று முதல் வரிசைப் பிள்ளையே கேட்டுவிடும்.

கூட்டத்துக்கு ஒரு பெயர் வேண்டும். அலகில் எலும்பையும் அதன் மேல்மூடியையும் பிரித்துச் சொல்ல வேண்டும். முட்டைமேல் படுத்த அந்தக் கிடைக்கும் ஒரு சொல். டைனோசருக்குத் ‘தொன்மா’ என்றே வைத்துக்கொள்கிறேன். அதில் புதுச் சண்டை வேண்டாம்.

நாங்குநேரியிலிருந்து:

தங்கச்சி, கூந்தன்குளத்துக்கு வருகிற பறவைகளின் பெயரைப் பாருங்கள்: அரிவாள்மூக்கன், கரண்டிவாயன், நத்தைகுத்தி நாரை, மஞ்சள்மூக்கு நாரை. வாயைப் பார்த்துப் பெயர் வைப்பதுதான் நம் வழக்கம். இந்தத் தொன்மாக்களின் மண்டை குட்டை, உயரம், முன்வாய் வளைந்து இறங்கும். அசல் கிளி. ‘கிளிமூக்கன்’ என்று வைத்துவிடலாம். சேவல் வளர்க்கிறவர்கள் ‘கிளிமூக்கு விசிறிவால்’ என்று ஒரே மூச்சில் சொல்வார்களே, அதுவும் தோதாக இருக்கிறது. இதே கூட்டத்தில் 1998-ல் சீனத்து லியாவோனிங்கிலிருந்து விவரிக்கப்பட்ட காடிப்டெரிக்ஸுக்கு வால் நுனியில் விசிறியாக இறகு இருந்ததே. மூக்கும் வாலும் ஒரே சேவலில் கிடைத்துவிட்டன.

அம்பாசமுத்திரத்திலிருந்து:

அண்ணாச்சி, கிளிமூக்கு ஏற்கெனவே விலைபோய்விட்டது. 1923-ல் அமெரிக்கத் தொல்லுயிர் ஆய்வாளர் ஆஸ்போர்ன் பெயரிட்ட சிட்டகோசாரஸ் என்பதன் பொருளே கிளிப்பல்லி. அது மூன்றுகொம்பன் டிரைசெராடாப்ஸின் வழி. ஓவிராப்டர் வெலாசிராப்டரின் வழி. அலகு இரண்டு பக்கமும் தனித்தனியாக வந்தது. டிரைசெராடாப்ஸ் வழியில் கீழ்த்தாடை முனையில் தனியாக ஓர் எலும்பு முளைத்து அலகைத் தாங்கும். ஓவிராப்டருக்கு அந்த எலும்பே கிடையாது. இரண்டையும் கிளிமூக்கு என்றால் படத்தில் பக்கத்துப் பக்கத்தில் நிற்கிற இரண்டையும் பிள்ளைகள் அண்ணன் தம்பி ஆக்கிவிடும்.

‘அலகுத் தொன்மா’வும் நிற்காது, அலகுள்ள தொன்மாக்கள் ஏராளம். ‘இறகுத் தொன்மா’ அதைவிட அகலம். ‘பொக்கைவாய்’ என்று வைக்க எனக்கே ஆசைதான். ஆனால் காடிப்டெரிக்ஸின் மேல்தாடை முனையில் சில பல் இருக்கிறது. 2002-ல் பெயரிட்ட இன்சிசிவோசாரஸுக்கோ முயலைப் போல முன்பல் நீட்டிக்கொண்டிருக்கிறது. பொக்கை என்பது இந்தக் கூட்டத்தில் பிந்தி வந்தவற்றுக்குத்தான் பொருந்தும்.

கள்ளன் கதையையும் சொல்லிவிடுகிறேன், படக்குறிப்புக்கு உதவும். 1923-ல் மங்கோலியாவின் எரிபாறை (Flaming Cliffs) பகுதியில் ஆண்ட்ரூஸ் என்ற அமெரிக்கரின் ஆய்வுக் குழு ஒரு முட்டைக்குழியின்மேல் ஓவிராப்டரின் மண்டையைக் கண்டது. மண்டைக்கும் முட்டைக்கும் நடுவே 10 செ.மீ. அளவு மணல்தான். அங்கே அதிகம் கிடைத்தது புரோட்டோசெராடாப்ஸ் என்ற வேறொரு தொன்மா. ஆகவே முட்டை அதனுடையது, மேலே கிடந்தவன் திருட வந்தவன் என்று முடிவு கட்டினார்கள். 1924-ல் பெயர் வைத்த ஆஸ்போர்னே, இந்தப் பெயர் அதன் தீனிப்பழக்கத்தைப் பற்றித் தவறான எண்ணம் தரக்கூடும் என்று கூடவே எழுதிவைத்தார். 1993-ல் மங்கோலியாவின் உக்கா தோல்கோத்தில் அதே மாதிரி முட்டைக்குள் கருக்குஞ்சின் எலும்பு கிடைத்தது. பார்த்தால் ஓவிராப்டர் வகைக் குஞ்சு. முட்டை வீட்டுக்காரனுடையதுதான். ஆனால் முந்தி வைத்த பெயரே நிற்கும் என்பது விலங்கியல் பெயர்விதி. பொருள் பொருந்தவில்லை என்பதற்காக அறிவியல் பெயரை மாற்ற முடியாது. தமிழில் அந்தக் கட்டாயம் நமக்கில்லை.

என் கட்சி இதுதான்: எலும்பில் கண்ணுக்குத் தெரிவதைச் சொல்லாக்குங்கள், அதிலிருந்து ஊகித்ததைச் சொல்லாக்காதீர்கள். பேரினப் பெயரை ‘ஓவிராப்டர்’ என்றே ஒலிபெயர்க்கலாம்.

சங்கரன்கோவிலிலிருந்து:

படுத்த கிடைக்கு நம்மிடம் சொல் இருக்கும்போது ஏன் தேட வேண்டும்? ‘அவயம்’, அடைகாப்பதுதான். கோழி அவயத்தில் கிடக்கிறது என்றால் இங்கே எல்லாருக்கும் விளங்கும். அந்தப் புதைபடிவத்துக்கு ‘அவயக்கிடை’ என்று பெயர் வையுங்கள். ‘அவயத் தொன்மா’ என்று கூட்டத்துக்கே வைத்தாலும் சரிதான். கள்ளன் என்ற பழியும் தீரும்.

அம்பாசமுத்திரத்திலிருந்து:

பழி தீர்க்கப் பெயர் வைத்தால் அடுத்த பழிக்கு ஆளாவோம். காடிப்டெரிக்ஸ் கூட்டில் படுத்தபடி கிடைக்கவில்லை. அதையும் அவயத் தொன்மா என்பது மறுபடி ஊகம். அதனால் கூட்டத்துக்கு வேண்டாம். கிடைக்கு ‘அவயக்கிடை’ எனக்குப் பிடித்திருக்கிறது, ஒரு கேள்வியோடு. கோழி முட்டையைப் புரட்டும். புரட்டாவிட்டால் கரு தோட்டோடு ஒட்டிக் கூமுட்டை ஆகும். ஓவிராப்டர் வகையின் முட்டைகளோ அடுக்கடுக்காக வட்டம் கட்டி, நடுவில் இடம் விட்டு, மண்ணில் பாதி பதிந்து கிடக்கின்றன. புரட்ட வழியே இல்லை. முதலை முட்டையும் அப்படித்தான், அதைப் புரட்டினால் கரு செத்துப்போகும். புரட்டாததை அவயம் என்கலாமா?

சங்கரன்கோவிலிலிருந்து:

என்கலாம் அண்ணாச்சி. பெட்டியில் மணலும் வைக்கோலும் போட்டு 10, 12 முட்டை அடுக்கி, இடிக்கு இரும்புத்துண்டும் போட்டு, கோழியை மேலே விட்டதுமே ‘அவயம் வச்சாச்சு’ என்கிறோம். புரட்டுவதை யாரும் பார்ப்பதுகூட இல்லை. சொல் உட்காருவதைச் சொல்கிறது, சூட்டைச் சொல்கிறது. புரட்டுவது அதன் உள்வேலை.

எனக்கு வேறொரு சந்தேகம். அந்த விலங்கு முட்டையிட்டுக்கொண்டே செத்திருக்கலாமே? அல்லது காவலுக்கு நின்றதோ? கூட்டில் கிடந்தாலே அவயம் ஆகிவிடாது. முட்டையிடுகிற கோழியும்தான் கூட்டில் உட்காருகிறது.

அம்பாசமுத்திரத்திலிருந்து:

நல்ல கேள்வி அக்கா. 1995-ல் வெளியான மங்கோலியப் படிவத்தில் உடல் வட்டத்தின் நடுவில், கால் மடங்கி, இரண்டு கையும் முட்டைகளைச் சுற்றி விரிந்து கிடந்தது. கிடை தெரிந்தது, முட்டையின் வயது தெரியவில்லை. அதைத் தீர்த்துவைத்தது சீனத்துக் கான்சோவில் கிடைத்த கூடு: குறைந்தது 24 முட்டை, மேலே தாயோ தகப்பனோ, 7 முட்டைக்காவது உள்ளே கருக்குஞ்சின் எலும்பு. எலும்பு கட்டியிருக்கிறது என்றால் அன்றைக்கு இட்ட முட்டை இல்லை. கருவெலும்பில் உள்ள ஆக்சிஜன் அணுவகைகளின் விகிதத்தைக் கணக்கிட்டால் கருவளர்ந்த சூடு 30 முதல் 38 பாகை செல்சியஸ் வருகிறது. நம் கோழிக்கு 37.5 என்று வைத்துக்கொண்டால் அதே ஊர்தான். ஆகவே ‘அவயக்கிடை’ நிற்கும். ஊகம் இல்லை, சாட்சி இருக்கிறது.

முட்டை இரண்டிரண்டாக ஏன் கிடக்கிறது என்பதையும் படத்தில் போடுங்கள். 2005-ல் விவரித்த, இதே கூட்டத்து ஓர் இடுப்பெலும்பில் தோடு கட்டிய இரண்டு முட்டை அக்கம்பக்கமாக இருந்தன. முதலைக்கு இரண்டு முட்டைக்குழல். எல்லா முட்டையும் ஒரே தடவையில். கோழிக்கு வேலை செய்வது இடப்பக்கக் குழல் ஒன்றுதான், தடவைக்கு ஒன்று. இது நடுவில்: குழல் இரண்டு, குழலுக்கு ஒவ்வொன்றாகத் தடவைக்கு ஒரு சோடி. ஓர் அவயத்து முட்டை சேரப் பல தடவை வந்து இட்டிருக்க வேண்டும்.

இனி அலகு. நமக்குக் கிடைப்பது எலும்பு மட்டும். மேலே இருந்தது நகமும் கொம்பும் எதனால் ஆனதோ அதே பொருள், மக்கிப்போகும். தாடை எலும்பின் ஓரம் பல்லில்லாமல் கூர்ந்திருப்பதும், அதன்மேல் ரத்தக்குழாய் நுழைந்த நுண்துளைகள் நிறைந்திருப்பதும்தான் அப்படி ஒரு மூடி இருந்ததைச் சொல்கின்றன. கோழியைச் சுடுதண்ணீரில் கூடுதலாக முக்கிவிட்டால் மூக்கின் மேலோடு தனியாகக் கழன்று வருமே, அதுதான் அந்த மூடி. எலும்புக்கு ‘அலகெலும்பு’ என்கிறேன். மூடிக்கு?

நாங்குநேரியிலிருந்து:

‘தோடு’. முட்டைத்தோடு மாதிரி மூக்குத்தோடு.

சங்கரன்கோவிலிலிருந்து:

மூக்குத்தோடு என்றால் நகைக்கடைக்குப் போய்விடுவார்கள் அண்ணாச்சி.

அம்பாசமுத்திரத்திலிருந்து:

‘உறை’ என்று வைத்தால் அலகுறை, நகவுறை, கொம்புறை என்று ஒரே அச்சில் மூன்று வார்த்தாகிவிடும். மூன்றும் எலும்பின்மேல் ஏறும் ஒரே பொருள்தான். சொல்லிலேயே அது தெரிகிறது. ‘அலகு’ என்றால் பௌதிகப் பாடத்தில் மீட்டர், கிலோகிராம் ஆயிற்றே என்று யாராவது கேட்பார்கள். ‘அலகுறை’யில் அந்தக் குழப்பம் வராது, தனியாக எழுதும் முதல் இடத்தில் மட்டும் ‘பறவை அலகு’ என்று எழுதிவிடுங்கள்.

இறகில்தான் அதிகம் தவறு நடக்கிறது. நடுத்தண்டும் இரண்டு பக்கமும் வரிசை இழையும் இருந்தால் ‘இறகு’. தண்டில்லாத மெத்தென்ற இழை ‘தூவி’. 1996-ல் பெயரிட்ட சைனோசாரோப்டெரிக்ஸ் என்ற தொன்மாவின் மேலிருப்பது தூவி. அங்கே இறகு என்று எழுதுவது பிழை. காடிப்டெரிக்ஸ் கையிலும் வாலிலும் இருப்பது இறகு. ஆனால் தண்டின் இரண்டு பக்கமும் சம அகலம். பறக்கிற இறகில் காற்றை வெட்டும் பக்கம் ஒடுங்கியிருக்கும். அதனால் இது பறக்கிற பிராணி இல்லை. அதன் கையைச் ‘சிறகு’ என்னாமல் ‘இறகுக்கை’ என்போம்.

இறகின் அடிக்குச் சங்கப் பாட்டே சொல் வைத்திருக்கிறது: ‘முருந்து’, மயிலிறகின் அடிக்குருத்து. முன்கை எலும்பில் இறகடி பதிந்த புடைப்புக்கு ‘முருந்துக்குமிழ்’ என்று வைக்கலாம். 2007-ல் வெலாசிராப்டரின் முன்கையில் சம இடைவெளியில் 6 குமிழ் எண்ணினார்கள். அந்தப் படிவத்தில் இறகு ஒன்றுகூட மிஞ்சவில்லை, குமிழை வைத்தே இறகு இருந்ததென்று சொன்னார்கள். மங்கோலிய மணற்பாறை இறகைக் காப்பதில்லை. லியாவோனிங்கின் ஏரிச்சேறும் எரிமலைச் சாம்பலும் காக்கும். படத்தில் இறகு வரையும்போது படிவத்தில் கண்டதற்கு ஒரு நிறம், ஊகத்துக்கு ஒரு நிறம் கொடுங்கள்.

கூட்டத்துக்கு இப்போதைக்கு ‘ஓவிராப்டர் வழி’. அழகில்லைதான், பொய்யுமில்லை.

பாளையங்கோட்டையிலிருந்து:

அலகெலும்பு, அலகுறை, தூவி, இறகுக்கை, முருந்துக்குமிழ், அவயக்கிடை: ஆறையும் எடுத்துக்கொண்டேன். ‘ஓவிராப்டர் வழி’க்கு நாங்குநேரி அண்ணாச்சி இன்னும் முகத்தைத் தூக்கி வைத்திருப்பார்கள் என்று தெரியும், விசிறிவாலைக் காடிப்டெரிக்ஸுக்கு அடைமொழியாகப் போட்டுவிடுகிறேன்.

ஒன்று மட்டும் பாக்கி. அவயக்கிடைப் படத்தில் இருப்பது சிதிபதி, 2001-ல் வைத்த பெயர். ‘சிதி’ நம் சிதைதான், பதி தலைவன். திபெத்துப் பௌத்தத்தில் சுடுகாட்டுக் காவல் எலும்புக்கூடு. அடைப்பில் ‘சுடலைமாடன்’ என்று போடலாமா?

நாங்குநேரியிலிருந்து:

போடுங்க தங்கச்சி, அர்த்தம் அச்சுப்பிசகாமல் வருகிறது. ஆனால் படத்தைப் பள்ளிக்கூடத்துத் தெற்குச் சுவரில் மாட்டாதீங்க. கொடைக்கு வரி கேட்டு வந்துவிடுவார்கள்.