மறு: பிரூட்டலிசம் – தமிழில் எப்படிச் சொல்வது?

> "கொடூரவியல்" என்றே வைக்கலாம். மூலச்சொல்லிலேயே கொடுமை இருக்கிறதே.

அன்புள்ள ஐயா,

கொடூரம் மட்டும் வேண்டாம். 1955இல் பிரிட்டிஷ் கட்டடக்கலை விமர்சகர் ரெய்னர் பேன்ஹம் பிரூட்டலிசம் என்ற இந்தக் கட்டடப் பாணியைப் பற்றிக் கட்டுரை எழுதியதிலிருந்து, 'பேத்தோன் ப்ரூட்' என்ற பிரெஞ்சுத் தொடரோடு சேர்த்தே இதைப் பேசுகிறார்கள். பூசாத கான்கிரீட் என்பதே அதன் பொருள். லண்டன் தேசிய நாடக அரங்கின் சுவர்களில் சென்ட்ரிங் பலகையின் மரவரிகள் அப்படியே பதிந்திருக்கின்றன. அதில் என்ன கொடுமை?

'வெறுங்கான்கிரீட் பாணி' என்று நானே முதலில் குறித்து வைத்திருந்தேன். இங்கிலாந்தின் ஹன்ஸ்டன்டன் பள்ளி அதைக் கெடுத்துவிட்டது. அலிசன், பீட்டர் ஸ்மித்சன் தம்பதியர் வடிவமைத்து 1954இல் முடிந்த அந்தப் பள்ளிதான் இந்தப் பாணியின் முதல் எடுத்துக்காட்டு. அதன் தோற்றமோ எஃகும் செங்கலும் கண்ணாடியும். குழாய்களைக்கூட மறைக்கவில்லை. ஆகவே கான்கிரீட் அல்ல, உள்ளதை உள்ளபடி காட்டுவதே இதன் உயிர். அதனால்தான் 'பூச்சிலாக் கட்டடக்கலை' என்று முன்மொழிந்தேன்.

> பூச்சில்லாத வீடு என்றால், பணம் தீர்ந்து பாதியில் நின்ற வீடு என்றுதானே நம் ஊரில் நினைப்பார்கள்?

அம்மா, இந்தக் கேள்வி என்னை இரண்டு நாள் நிறுத்திவிட்டது. நீங்கள் சொல்வதுதான் சரி. பிரிட்டனிலும் வழக்கு இன்னும் தீரவில்லை. ஷெஃபீல்டு நகரின் பார்க் ஹில் அடுக்குமாடிக் குடியிருப்பு 1961இல் முடிந்தபோது, இடிக்கப்பட்ட பழைய தெருக்களின் பெயர்களையே மாடி நடைவழிகளுக்குச் சூட்டினார்கள். பால் வண்டி வீட்டு வாசல் வரை வரும் அகலம். பின்னாளில் சீரழிந்த அதே குடியிருப்பு 1998இல் பாதுகாக்கப்பட்ட கட்டடமானது. ஸ்மித்சன்கள் லண்டனில் வடிவமைத்த ராபின் ஹூட் கார்டன்ஸ் குடியிருப்புக்கு அந்தப் பேறு வாய்க்கவில்லை. 2017இல் அதை இடிக்கத் தொடங்கினார்கள்; ஒரு துண்டு மட்டும் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்துக்குப் போனது. ஊரே இரண்டாகப் பிரிந்து வாதாடும்போது கலைச்சொல் தீர்ப்பு எழுதக் கூடாது. கொடூரம் என்றால் குற்றவாளி, பூச்சிலா என்றால் ஏழை.

இப்போது என் மனம் நிற்பது 'இயல்மேனிக் கட்டடக்கலை' என்பதில். "பார்க் ஹில் இயல்மேனிப் பாணியில் எழுந்த குடியிருப்பு" என்று எழுதிப் பார்த்தேன், இடறவில்லை.

அந்த நடைவழிகளுக்கு 'வான்தெரு' என்று ஒருவர் எழுதியிருந்தார். அழகான சொல்தான். ஆனால் பால் வண்டி ஓடிய இடம் அது. 'மாடித்தெரு' என்றே நம் கலைச்சொல் பட்டியலில் சேர்த்திருக்கிறேன். மறுப்பிருந்தால் வெள்ளிக்கிழமைக்குள் எழுதுங்கள்.