மறுமொழி: ஹம்மிங்பேர்டுக்கு ஒரு தமிழ்ப் பெயர், வெள்ளிக்கிழமைக்குள்

கடலூர் மஞ்சக்குப்பத்திலிருந்து, ஞாயிறு இரவு

அனைவருக்கும் வணக்கம். ஆறாம் வகுப்புப் பிள்ளைகளுக்காக ஓர் இயற்கைக் கையேட்டைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சகத்துக்குப் போயாக வேண்டும். ஒரு பக்கத்தில் மட்டும் மாட்டிக்கொண்டேன். ஹம்மிங்பேர்ட், சன்பேர்ட் என்ற இரண்டு பறவைகள், ஹாக்மாத் என்ற அந்துப்பூச்சி, இந்த மூன்றையும் பார்த்து எப்படிப் பிரித்தறிவது என்பதுதான் அந்தப் பக்கம். என்னிடம் இருக்கும் ஒரு பழைய மொழிபெயர்ப்பில் முதல் இரண்டுக்கும் "தேன்சிட்டு" என்றே போட்டிருக்கிறார்கள். வேறுபாட்டைச் சொல்ல வந்த பக்கத்தில் இரண்டுக்கும் ஒரே பெயர் இருந்தால் பிள்ளைகள் என்ன செய்வார்கள்?

இதில் எனக்கு ஏன் இவ்வளவு அக்கறை என்றும் சொல்லிவிடுகிறேன். போன வாரம் ஒரு மாணவன் அம்மாவின் கைப்பேசியில் காணொளி ஒன்றைக் கொண்டுவந்தான். "டீச்சர், எங்க வீட்டு இட்லிப்பூவுக்கு ஹம்மிங்பேர்ட் வந்துச்சு!" வகுப்பே சுற்றி நின்றது. நிறுத்தி நிறுத்திப் பார்த்தோம். கண்ணாடி போன்ற இறக்கை, பாசிப்பச்சை உடம்பு, நடுவில் செங்காவிப் பட்டை, வால் நுனியில் கறுப்புக் குஞ்சம். தலையில் இரண்டு உணர்கொம்பு. பூவை விட்டு விலகியதும் அவன் அலகு என்று காட்டியது கடிகாரச் சுருள்வில் மாதிரி சுருண்டு முகத்தடியில் ஒடுங்கிவிட்டது. அலகு சுருளுமா? அது பகலில் பறக்கும் ஓர் அந்துப்பூச்சி. அதைச் சொன்னதும் பையன் முகம் வாடிவிட்டது. அதற்கும் ஒரு நல்ல பெயர் இருந்திருந்தால் வாடியிருக்க மாட்டான் என்று தோன்றுகிறது. மூன்று சொற்கள் தாருங்கள்.

வில்லியனூரிலிருந்து, திங்கள் காலை

அம்மா, ஹம்மிங்பேர்டுக்குச் சொல் ஏற்கெனவே இருக்கிறது: ஓசனிச்சிட்டு. ஓசனித்தல் என்றால் பறவை சிறகடித்தல். ஓசையும் இதற்கு உறவு என்பது என் எண்ணம். ஒலியும் சிறகும் ஒரே சொல்லில் அடங்கிவிட்டன. இதைவிட என்ன வேண்டும்?

ஒற்று மிகுமா என்று யாராவது கேட்பீர்கள், நானே சொல்லிவிடுகிறேன். வினைத்தொகையாகக் கொண்டால் வல்லினம் மிகாது. சுடுசோறு, ஊறுகாய் போல ஓசனிசிட்டு என்றுதான் எழுத வேண்டும். மரங்கொத்தி, வாலாட்டி என்பதுபோல ஓசனி என்பதே பறவையின் பெயர் என்று கொண்டால் அது இருபெயரொட்டு. சாரைப்பாம்பு போல ஒற்று மிகும். நான் இரண்டாவது பக்கம். ஆகவே ஓசனிச்சிட்டு. வெறுமனே ஓசனி என்றாலும் போதும்.

பூச்சிக்கு அந்து என்று போடாதீர்கள், தும்பி என்று போடுங்கள். இன்று தட்டானைத் தும்பி என்கிறோம். சங்கப் பாட்டில் அது கொங்கு தேர்ந்து வாழ்கிற, தேனுண்ணும் உயிர். தொல்காப்பியர் மரபியலில் "நண்டும் தும்பியும் நான்கறிவினவே" என்றார். பறவையையும் பூச்சியையும் வேறு வேறு படியில் வைத்துப் பார்த்த மரபு நம்முடையது. இட்லிப்பூ என்கிறீர்களே, அதுவே வெட்சி. வெட்சியில் தேனுண்ட உயிருக்குச் சங்கச் சொல் இல்லாமல் போகுமா?

புதுச்சேரி லாசுப்பேட்டையிலிருந்து, திங்கள் மதியம்

ஐயா மன்னிக்க வேண்டும், அக்காவும் பொறுத்துக்கொள்ள வேண்டும். எனக்கு ஓசனியில் சிக்கல் இல்லை, சிட்டில்தான். ஹம்மிங்பேர்ட் சிட்டே இல்லை. உறவு முறையில் அதற்கு நெருங்கிய பங்காளி உழவாரன். நம் பனந்தோப்புகளில் மாலையில் வட்டமடிக்கும் பனை உழவாரன்தான் அதற்குச் சொந்தம், தேன்சிட்டு இல்லை. தேன்சிட்டு காக்கை, மைனா எல்லாம் அடங்கிய கிளையமரும் பறவைக் கூட்டத்தில் சேரும். தேனுக்காக நீண்ட அலகு, மின்னும் இறகு என்று இரண்டும் தனித்தனியாக ஒரே உருவத்துக்கு வந்து சேர்ந்திருக்கின்றன. ஆகவே என் சொல் பூவுழவாரன்.

களத்தில் பார்க்கிறவனாக இதையும் சொல்கிறேன். கடலூரிலோ புதுவையிலோ யார் ஹம்மிங்பேர்ட் பார்த்தேன் என்றாலும் அது வேறு ஏதோதான். 360க்கு மேற்பட்ட வகைகள் இருந்தும் இன்று அத்தனையும் அலாஸ்காவிலிருந்து தென்னமெரிக்காவின் தென்கோடி வரை அமெரிக்கக் கண்டங்களில் மட்டுமே வாழ்கின்றன. (ஒருகாலத்தில் ஐரோப்பாவிலும் இருந்தன. ஜெர்மனியில் கிடைத்த சுமார் 3 கோடி ஆண்டுப் பழைய புதைபடிவத்தை 2004இல் விவரித்தார்கள். அந்தரத்தில் நின்று தேன் குடிக்கும் உடலமைப்பு அதிலேயே தெரிகிறது. படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.)

நம் ஊதாப்பிட்டுத் தேன்சிட்டைச் செம்பருத்திச் செடியில் ஒரு காலை முழுக்கப் பாருங்கள். காம்பைப் பற்றிக்கொண்டு தலைகீழாகத் தொங்கும், பூவின் அடியைக் குத்தி ஓட்டை போடும், ஓரிரு நொடி அந்தரத்தில் படபடக்கும், மறுபடி உட்காரும். அதன் கால் உறுதியானது. ஹம்மிங்பேர்டின் கால் நடக்கவோ தத்தவோ உதவாது. கிளையில் உட்கார மட்டும்தான். ஆனால் காற்றில் நின்றபடி குடிக்கும், பின்னோக்கியும் பறக்கும். கூடும் வேறு: தேன்சிட்டினுடையது சிலந்தி நூலும் குப்பையுமாகத் தொங்கும் பை, அதனுடையது சின்னக் கிண்ணம். அளவை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள். கியூபாவின் தேனீ ஹம்மிங்பேர்ட் 2 கிராம்தான், ஒரு பெரிய அந்துப்பூச்சி அதற்குச் சமமாக நிற்கும்.

வில்லியனூரிலிருந்து, திங்கள் இரவு

தம்பி, உழவாரன் என்றதும் என் மனம் வேறெங்கோ போய்விட்டது. உழவாரம் என்பது புல் செதுக்கும் கருவி, அப்பர் பெருமான் கையிலிருந்த படை. கல்லைத் தெப்பமாகக் கொண்டு அவர் கரையேறிய இடம் டீச்சர் அம்மாவின் ஊரில், திருப்பாதிரிப்புலியூர்ப் பக்கம்தான். கரையேறவிட்டகுப்பம் என்றே பெயர். பறவைக்கு அந்தப் பெயர் ஏன்? சிறகை விரித்தால் அந்தக் கருவியின் வளைவு தெரிகிறது என்பது என் ஊகம். உழு, உழவு, உழவாரம், உழவாரன் என்று வேரைத் தொட்டால்...

கடலூரிலிருந்து, திங்கள் இரவு

புலவர் ஐயா, அதைத் தனி இழையாக எழுதுங்கள், முழுக்க வாசிப்பேன். எனக்கு வெள்ளிக்கிழமை நெருங்குகிறது. இன்று வகுப்பில் இரண்டு சொல்லையும் கரும்பலகையில் எழுதிப் பார்த்தேன். ஓசனிச்சிட்டு என்றதும், "ஓசியில தேன் குடிக்கிற சிட்டா டீச்சர்?" பூவுழவாரன் என்றதும், "பூவுல ஏர் ஓட்டுமா?" இரண்டிலும் பிள்ளைகளுக்கு எட்டியது சிட்டும் பூவும் மட்டும். ரீங்காரச்சிட்டு என்று வைத்தால் என்ன? முரல்சிட்டு என்று வைத்தால்? ரீங்காரம் எல்லோருக்கும் தெரியும்.

முத்தியால்பேட்டையிலிருந்து, செவ்வாய் காலை

நான் பிரெஞ்சிலிருந்து மொழிபெயர்க்கிறவள். அங்கே இதற்குக் கோலிப்ரி என்று பெயர், கரீபியத் தீவுகளிலிருந்து போன சொல். பழைய நூல்களில் வாசோ மூஷ், அதாவது ஈப்பறவை என்றும் இருக்கும். போர்த்துகீசியர் பூமுத்தி என்கிற பொருளில் பெயர் வைத்தார்கள். இந்த மூன்று பெயரிலும் ஐரோப்பியரின் ஊர்ப் பறவை எதன் பெயரும் இல்லை, கவனித்தீர்களா? நாம் மட்டும் சிட்டை ஏன் சேர்க்க வேண்டும்? கோலிப்ரி என்றே எழுதலாம். தமிழ் வாய்க்கு உறுத்தாத ஒலி. அலமாரி, மேசை, சாவி எல்லாம் கடல் கடந்து வந்தவைதானே. நம் ஊரில் இல்லாத உயிருக்கு வந்த இடத்தின் பெயர் இருப்பதில் தவறே இல்லை.

வில்லியனூரிலிருந்து, செவ்வாய் மதியம்

அம்மணி, மேசையைப் பார்த்த பிறகு மேசை வந்தது. பார்க்காத பறவைக்குப் பொருள் தெரியாத பெயரையும் சேர்த்துக் கொடுத்தால் பிள்ளைக்கு எதுவும் மிஞ்சாது. ரீங்காரம் வடசொல் சாயல் உடையது, இருந்தும் அதைக்கூட ஏற்பேன். கோலிப்ரியை ஏற்க மாட்டேன்.

விருத்தாசலத்திலிருந்து, செவ்வாய் இரவு

பறவையைப் பற்றி எனக்குச் சொல்ல ஒன்றுமில்லை. அந்தப் பூச்சியைப் பற்றிப் பேசுகிறேன். எள் வயலில் வால்பக்கம் ஒரு கொம்போடு விரல் தடிமன் பச்சைப் புழு பார்த்திருப்பீர்கள். கொம்புப்புழு. ஹாக்மாத் என்பது அந்தக் குடும்பம்தான். எள்ளில் வருவது இரவாடி, டீச்சர் காட்டிய கண்ணாடி இறக்கைக்காரன் பகலாடி. கூட்டிலிருந்து வரும்போது அதன் இறக்கையிலும் சாம்பல் செதில் உண்டு. முதல் தடவை பறக்கும்போதே உதிர்ந்து கண்ணாடியாகிவிடும். புழு தின்பது காபிக் குடும்பத்து இலைகளை, இட்லிப்பூச் செடியும் அந்தக் குடும்பம்.

அந்து என்று போட்டால் எங்கள் பக்கம் நெல் மூட்டைக்குள் வருவதைத்தான் நினைப்பார்கள். தும்பி என்றால் தட்டான் என்பார்கள். சங்க காலத்துக் குழந்தை யாரும் இந்தக் கையேட்டை வாசிக்கப் போவதில்லை, ஐயா. விட்டில் என்றால் விளக்குக்கு வருவது. ஆனாலும் விட்டில் எல்லோருக்கும் தெரியும். தேன்விட்டில் என்று வைக்கலாம். பருந்து அந்து என்று சிலர் மொழிபெயர்த்திருக்கிறார்கள். அதில் பருந்துக்கு வேலையே இல்லை.

லாசுப்பேட்டையிலிருந்து, புதன் காலை

தேன்விட்டில் நல்ல சொல், அண்ணா. ஹாக்மாத் கூட்டம் முழுமைக்கும் வைக்கக் கூடாது, ஏனென்றால் அதில் சில வளர்ந்தபின் ஒன்றும் உண்பதே இல்லை. நின்று தேன் குடிக்கும் பகலாடிகளுக்கு மட்டும் என்றால் சம்மதம். அந்தக் குழலின் நீளத்தைப் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள் அக்கா. மடகாஸ்கர் ஆர்க்கிட் ஒன்றின் தேன்குழாய் ஓர் அடி நீளம் இருப்பதைப் பார்த்து, அத்தனை நீள நாக்குள்ள அந்துப்பூச்சி இருந்தாக வேண்டும் என்று டார்வின் 1862இல் எழுதினார். 1903இல்தான் அதற்குப் பெயர் வைத்தார்கள், அவர் இறந்து 21 ஆண்டு கழித்து.

கடலூரிலிருந்து, வியாழன் இரவு

கணக்கெடுத்துவிட்டேன். தேன்சிட்டு நம் ஊர்ப் பறவைக்கு மட்டும். இதில் யாருக்கும் மறுப்பில்லை. தேன்விட்டிலுக்கு நால்வர், புலவர் ஐயா மட்டும் தும்பி. ஹம்மிங்பேர்டுக்கு ரீங்காரச்சிட்டு மூன்று, கோலிப்ரி ஒன்று, பூவுழவாரன் ஒன்று. ஐயாவும் ஓசனியை விட்டு என் பக்கம் வந்துவிட்டார். எனக்கே முழு நிறைவு இல்லை. தம்பி சொன்ன உறவு முறை மனதை அரிக்கிறது. அதனால் "பெயரில் சிட்டு இருந்தாலும் இது உழவாரனின் உறவு" என்று ஒரு வரியைப் பக்கத்தின் தலையிலேயே சேர்த்துவிட்டேன். காணொளி கொண்டுவந்த பையனிடம் இன்று தேன்விட்டில் என்று சொன்னேன். "அப்ப எங்க வீட்டுல தேன்விட்டில் இருக்கு" என்று நோட்டில் எழுதிக்கொண்டான்.

லாசுப்பேட்டையிலிருந்து, வியாழன் நள்ளிரவு

அந்த வரி போதாது அக்கா, இருந்தாலும் நன்றி. இரண்டாம் பதிப்பு வரும்போது பூவுழவாரனோடு மறுபடி வருவேன்.

விருத்தாசலத்திலிருந்து, வெள்ளி அதிகாலை

அச்சுக்குப் போவதற்கு முன் ஒன்று: பூச்சிப் படத்தில் உணர்கொம்புக்கு அம்புக்குறி போட்டாச்சா? நீங்கள் அனுப்பிய படத்தில் அது இலை நிழலில் மறைந்திருக்கிறது.