மறு: ‘எஞ்சிய தீவன உட்கொள்ளல்’ சரிதானா?

அன்புள்ள நண்பர்களுக்கு,

மாட்டின் தீவனக் கணக்கில் வரும் ‘residual feed intake’ என்ற ஆங்கிலச் சொல்லை ‘எஞ்சிய தீவன உட்கொள்ளல்’ என்று தமிழாக்குவது சரியா என்று கேட்கும் இந்த இழையை முதல் மடலிலிருந்தே வாசித்துக்கொண்டுதான் இருந்தேன், எழுதத்தான் நேரம் வாய்க்கவில்லை. இறைச்சி மாட்டு வளர்ப்பு பற்றிய கட்டுரைகளைத் தமிழில் திருத்திக் கொடுக்கும் வேலையில், இதே சொற்களோடு நானும் மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன். அதனால் இந்த மடல் கொஞ்சம் நீளம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

> ‘எஞ்சிய தீவன உட்கொள்ளல்’ சொல்லுக்குச் சொல் சரியாகத்தானே இருக்கிறது? எதற்கு மாற்ற வேண்டும்?

சொல்லுக்குச் சொல் சரி என்பதுதான் ஐயா சிக்கல். மாடு வளர்ப்பவர் காதில் ‘எஞ்சிய தீவனம்’ என்று விழுந்தால், மாடு தின்னாமல் தொட்டியில் கழித்துப்போட்ட மிச்சம்தான் அவர் கண்முன் வரும். தீவனச் சோதனை நடக்கும் இடத்தில் அந்த மிச்சத்தை அள்ளி எடைபோடுவதும் உண்டு. ‘எஞ்சிய தீவன உட்கொள்ளல் குறைவாக உள்ள காளையே சிறந்தது’ என்று நாம் எழுதினால், தொட்டியை வழித்துத் தின்கிற காளையை அவர் பிடித்துக்கொண்டு வருவார். நாம் சொல்லவந்தது ஏறக்குறைய அதற்கு நேர் எதிர்.

பொருளை ஒருமுறை விரித்துப் பார்த்துவிடலாம். ஒரு மாடு இவ்வளவு எடை, நாளுக்கு இவ்வளவு எடை கூடுகிறது என்று தெரிந்தால், அது எவ்வளவு தின்ன வேண்டியிருக்கும் என்று கணக்குப் போட்டுச் சொல்லலாம். உண்மையில் தின்ற அளவிலிருந்து அந்தக் கணக்கைக் கழித்தால் வருவதுதான் இந்த எண். 1963-இல் கால்நடை ஆய்வாளர் கோக்கும் அவருடைய சகாக்களும் முன்வைத்த அளவு இது. (காசநோய்க் கிருமியைக் கண்டுபிடித்த கோக் இல்லை, அவர் 1910-லேயே இறந்துவிட்டார்.) ‘எஞ்சிய’ என்ற சொல் புள்ளியியலிலிருந்து வந்தது: கணிப்பால் விளக்க முடியாமல் மீந்து நிற்கும் பகுதி. மீந்தது எண்தான், தீவனம் இல்லை.

முதல் மடலில் ‘எச்சம்’ என்று ஒரு யோசனையும் வந்தது. பெயரெச்சம், வினையெச்சம் படித்தவர்களுக்குப் பிடிக்கும். ஆனால் கொட்டகைப் பக்கம் எச்சம் என்றால் கூரையில் உட்கார்ந்த காக்கை போட்டதுதான்.

> ‘தீவன மாற்றுத் திறன்’ என்ற சொல் ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறதே, அது போதாதா?

போதாது. அந்தச் சொல்லிலும் ஒரு குளறுபடி இருக்கிறது. ஒரு கிலோ எடை கூட எத்தனை கிலோ தீவனம் ஆனது என்பது ஒரு கணக்கு. ஒரு கிலோ தீவனத்துக்கு எவ்வளவு எடை கூடியது என்பது இன்னொரு கணக்கு. ஒன்றைத் தலைகீழாக்கினால் மற்றது. நாளுக்கு 10 கிலோ உலர்பொருள் (தண்ணீரைக் கழித்த தீவன எடை) தின்று 1.6 கிலோ எடை கூடும் மாட்டுக்கு முதல் கணக்கில் 6.25, இரண்டாவதில் 0.16. முதலாவது குறைந்தால் நல்லது, இரண்டாவது கூடினால் நல்லது. இரண்டையுமே ‘திறன்’ என்று எழுதுகிறோம். ‘மாற்றுத் திறன் 7-இலிருந்து 6 ஆகக் குறைந்தது, பண்ணையாளர் மகிழ்ந்தார்’ என்று ஒரு வரியைப் போன மாதம் திருத்தினேன். திறன் குறைந்ததற்கு ஏன் மகிழ்ந்தார் என்று வாசிக்கிறவர் முழிக்க மாட்டாரா?

என் யோசனை எளிதுதான். தீவனத்தை எடைக்கூடுதலால் வகுத்தால் ‘தீவன மாற்று விகிதம்’. கோழி வளர்ப்பவர்களுக்கு ஏற்கெனவே பழகிய சொல், அதைத் தொட வேண்டாம். எடைக்கூடுதலைத் தீவனத்தால் வகுத்தால் மட்டும் ‘தீவனத் திறன்’. திறன் என்று பெயர் வைத்தால் கூடக் கூட நல்லதாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். எந்தக் கணக்காக இருந்தாலும் தீவனத்தை உலர்பொருளாகவே சொல்ல வேண்டும் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். பசும்புல்லில் பெரும்பகுதி தண்ணீர். அப்படியே எடைபோட்டால் எந்த விகிதமும் பொருளற்றுப் போகும்.

சரி, விகிதம் இருக்கும்போது மூன்றாவதாக ஒரு அளவு எதற்கு? இதைப் புரிந்துகொண்டால்தான் பெயரும் சரியாக அமையும். விகிதத்தை மட்டும் பார்த்துத் தேர்ந்தெடுத்தால், வேகமாக வளரும் மாடுகள்தான் முன்னுக்கு வரும். தலைமுறை செல்லச் செல்ல முதிர்ந்த பசுவின் உடம்பும் பெருக்கும். பெரிய உடம்பைச் சும்மா வைத்துக் காப்பாற்றவே நிறையத் தீவனம் வேண்டும். கன்று ஈனும் மந்தையில் தீவனத்தின் பெரும்பங்கு இந்த உடல் பராமரிப்புக்குத்தான் போகிறது. ஒரு பக்கம் மிச்சம் பிடித்ததை இன்னொரு பக்கம் கொட்டுகிற கதை.

மூன்று காளைகளைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். எண்கள் விளக்கத்துக்காக நான் போட்டவை. முதலாவதும் இரண்டாவதும் ஒரே எடை, நாளுக்கு 1.5 கிலோ கூடுகின்றன, இரண்டுக்கும் கணிப்பு 10 கிலோ. ஒன்று 9.2 தின்கிறது, மற்றது 11. மூன்றாவது பெரிய காளை, 1.9 கிலோ கூடுகிறது, கணிப்பு 11.5, தின்றது 11.7. மாற்று விகிதம் பார்த்தால் முதலாவதுக்கு 6.13, மூன்றாவதுக்கு 6.16, இரண்டும் சமம் என்றே சொல்லிவிடுவோம். ஆனால் கணிப்போடு ஒப்பிட்டால் முதலாவது −0.8, மூன்றாவது +0.2. இரண்டாவதோ +1.0, வெறும் சாப்பாட்டு ராமன். வளர்ச்சியையும் உடம்பின் அளவையும் ஒதுக்கிவைத்துவிட்டு, உள்ளுக்குள் ஓடும் எந்திரம் எவ்வளவு சிக்கனம் என்று காட்டுவது இந்த மூன்றாவது அளவு. செரிமானம், புரதம் சிதைந்து மறுபடி கட்டப்படும் வேகம், வெப்பமாக வீணாவது, நடமாட்டம் எல்லாம் இதில் கலந்திருக்கின்றன. இந்தக் குணம் ஓரளவு பரம்பரையாகவும் வருகிறது.

ஆக, பெயரில் இரண்டு கருத்துகள் இருந்தால் போதும்: தின்றது, கணிப்பிலிருந்து விலகியது. விலகியதற்குப் பள்ளிப் பாடத்திலேயே ‘திட்ட விலக்கம்’ இருக்கிறது. கூட்டல் கழித்தல் இரண்டு பக்கமும் போகும் சொல். தின்றதற்கு ‘உட்கொள்ளல்’ நீளம். முதலில் ‘உண்ணளவு’ என்றுதான் யோசித்தேன். ஆனால் மாட்டு மருத்துவர் ஒருவரிடம் வாய்விட்டுச் சொன்னபோது, “உண்ணி எவ்வளவு இருக்கிறது என்றா கேட்கிறீர்கள்?” என்றார். அதோடு அதைக் கைவிட்டேன். தவிர, மாடு உண்பதில்லை, தின்கிறது. தின் + அளவு = தின்னளவு. தனிக்குறிலை அடுத்த ஒற்று உயிர் வந்தால் இரட்டும் என்ற விதிப்படி தானாக அமைகிறது. வினைத்தொகை என்பதால் தின்றது, தின்கிறது, தின்னும் என்ற மூன்று காலத்துக்கும் பொருந்தும். உண்மை அளவையும் கணித்த அளவையும் ஒரே சொல்லால் குறிக்கலாம்.

முன்மொழிவு: தின்னளவு விலக்கம். ‘தீவன விலக்கம்’ என்று சுருக்க வேண்டாம், தீவனத்தை நிறுத்தச் சொன்னதுபோல் ஆகிவிடும்.

> ‘தீவனச் சிக்கனம்’ என்றால் எல்லோருக்கும் புரியுமே?

புரியும் அம்மா, ஆனால் கொட்டுகிறவரின் கை சிக்கனம் என்று புரியும். நானே மேலே அந்தச் சொல்லைப் போட்டிருக்கிறேன், பேச்சோடு பேச்சாக. கலைச்சொல்லாக நிற்கும்போது, தீவனத்தைக் குறைத்துப் போடச் சொல்கிறோம் என்று எடுத்துக்கொண்டால் மாடு மெலியும்.

ஒரு முடிச்சு மட்டும் என் கையில் அவிழவில்லை. விலக்கம் மைனஸில் இருக்கும் மாடுகளை என்னவென்று கூப்பிடுவது? ‘குறைதின்னி’ என்று எழுதிப் பார்த்தேன். தீனி எடுக்காமல் சுருண்டு படுத்திருக்கும் நோயாளி மாடுபோல் இருக்கிறது. ‘மிதந்தின்னி’ என்று ஒரு நண்பர் சொன்னார், வாயில் நுழையவில்லை. மாட்டோடு பழகியவர்கள் யாராவது, கம்மியாகத் தின்றும் உடம்பு வைக்கிற மாட்டுக்கு உங்கள் பேச்சில் ஒரு சொல் இருந்தால் எழுதுங்கள்.

அன்புடன்