கூட்ஸ் வண்டியின் வாலில் கார்டு எங்கே?

அமெரிக்காவில் ஐயோவா மாநிலத்துச் சீடர் ராப்பிட்ஸில் குடியேறி ஏழு வருஷம் ஆகிறது. இந்த ஊர் முதலில் மூக்கோடுதான் பேசும். ஒரு பக்கம் குவேக்கர் ஆலையின் வறுத்த ஓட்ஸ் மணம், காற்று திரும்பினால் மக்காச்சோள ஆலைகளின் புளித்த வாடை. அந்தச் சோள ஆலைகளுக்கு வேகன் கொண்டுபோய் விடுவதும் எடுத்து வருவதும்தான் கிராண்டிக் ரயில்வேயின் பிழைப்பு. முழுப்பெயர் சீடர் ராப்பிட்ஸ் அண்ட் ஐயோவா சிட்டி ரயில்வே.

போன கோடையில் அப்பா வந்திருந்தார். மதுரைக் கோட்டத்தில் கூட்ஸ் கார்டாக இருந்து ஓய்வு பெற்றவர். தினமும் மாலையில் எந்தப் பெரிய வேடிக்கையைக் காட்டினாலும் "ம்" என்பார், அவ்வளவுதான். ஒரு நாள் ரயில்வே கேட்டில் சிவப்பு விளக்கு மினுக்கி, இரண்டு நீளம், ஒரு குட்டை, மறுபடி ஒரு நீளம் என்று ஹார்ன் கேட்டதும் காரை விட்டு இறங்கிவிட்டார்.

ஷண்டிங், அதாவது வேகன்களைப் பிரித்துச் சேர்க்கும் வேலை, நடந்துகொண்டிருந்தது. என்ஜின் பின்னால் தள்ள, கடைசி வேகனின் ஏணியில் ஒருவர் ஒற்றைக் கையால் தொங்கியபடி வாக்கி டாக்கியில் பேசிக்கொண்டு வந்தார். நடக்கிற வேகத்தைவிடக் கொஞ்சம் கூட, அவ்வளவுதான். இங்கே தரத்தில் மிகத் தாழ்ந்த தண்டவாளத்தில் கூட்ஸுக்கு மணிக்கு 10 மைலுக்கு மேல் அனுமதியில்லை. இறங்கினார், வண்டியை வேறு தண்டவாளத்துக்குத் திருப்பும் பாயிண்டைப் புரட்டினார். வேகன் போய் 'டங்' என்று முட்டிப் பூட்டிக்கொண்டது. குனிந்து பிரேக்குக்குக் காற்று போகும் ஏர் ஹோஸை மாட்டித் திருகியதும் புஸ்ஸ்... "காத்து ஏறிருச்சு" என்றார் அப்பா, யாரும் கேட்காமலே. அந்த மனிதர் நிமிர்ந்து பார்த்தார். அப்பா பச்சைக் கொடி பிடிக்கிற மாதிரி கையை நீட்டி ஆட்ட, அவரும் கையுறையோடு கையைத் தூக்கினார்.

வண்டி நகர்ந்து கடைசி வேகன் போனபோதுதான் பிரச்சினை. வாலில் சிவப்பாக மினுக்கும் ஒரு சின்னப் பெட்டி மட்டும். "கார்டு எங்கடா?" கார்டு பெட்டியெல்லாம் இங்கே எப்போதோ போய்விட்டது, பிரேக் குழாயில் எவ்வளவு அழுத்தம் என்று இந்தப் பெட்டியே ரேடியோவில் என்ஜினுக்குச் சொல்லிவிடும் என்றேன். "சரி, லைன்ல மாடு படுத்திருந்தா அதுவும் சொல்லுமா?" வீடு வரும்வரை அதே பேச்சு.

அப்புறம் அவருக்காகவே விசாரித்தேன். கிராண்டிக் 1904-இல் மின்சார ரயிலாகத் தொடங்கியது. மின்சாரம் விற்கும் கம்பெனியே ஊருக்கு ஊர் டிராம் விடுவது அந்நாளில் அங்கே சகஜம். 1953-இல் பயணிகள் வண்டியை நிறுத்தி, டீசல் என்ஜினோடு சரக்குக்கு மாறிவிட்டார்கள். இதே மாதிரி பக்கத்து ஊர்களுக்கு ஓடிய மின்சார ரயில்கள் பெரும்பாலும் தண்டவாளமே இல்லாமல் போயின; இது தப்பித்தது ஆலைகளால்தான் என்பது என் கணிப்பு.

* * *

இதைப் படித்த ஒருவர் எழுதிய பதில்: அண்ணா, கிராண்டிக் என்றதும் எனக்கு 2008 ஜூன்தான் நினைவுக்கு வரும். அங்கே ஒப்பந்த வேலையில் இருந்தேன். சீடர் ஆறு அதற்கு முன் கண்ட உச்சம் 20 அடி. அந்த முறை 31 அடியைத் தாண்டியது. வெள்ளம் பாலத்தைப் புரட்டிவிடக் கூடாது என்று கல் நிரப்பிய வேகன்களைக் கிராண்டிக் பாலத்தின் மேலேயே நிறுத்தி வைத்திருந்தார்கள். பாரம் அழுத்திப் பிடிக்கும் என்ற கணக்கு. ஆறு பாலத்தையும் வேகன்களையும் சேர்த்தே இழுத்துக்கொண்டது. தண்ணீர் வடிந்த பிறகு போய்ப் பார்த்தேன். வளைந்த இரும்பும் கவிழ்ந்த வேகனும் பார்க்கச் சகிக்கவில்லை. பெரிய கம்பெனி என்றால் வேறு வழியாகச் சுற்றி விடலாம். சின்ன ரயில்வேக்கு ஒரு பாலம் போனால் பாதி ஊர் போன மாதிரி.

* * *

இன்னொருவரின் பதில்: நான் வேறு மாநிலத்தில், மிட்டாய் ஆலை ஒன்றில் கொள்முதல் பார்க்கிறேன். சோளச் சிரப் டேங்க் வேகனில் வரும். குளிர்காலத்தில் உறைந்த தேன் மாதிரி கெட்டியாகிவிடும். வேகனில் பொருத்தியிருக்கும் குழாயில் நீராவி விட்டு இளக்கினால்தான் இறங்கும். ஒரு ஜனவரியில் எங்கள் பாய்லர் படுத்துவிட்டது. காலி பண்ண முடியாமல் நான்கு வேகன் நிற்கிறது, வேகனைத் தாமதமாகத் திருப்பினால் ரயில்வே போடும் டெமரேஜ் கட்டணம் ஏறுகிறது. பெரிய ரயில்வே என்றால் தானியங்கிக் குரலோடுதான் மல்லுக்கு நிற்க வேண்டும். எங்களுக்குச் சேவை செய்வது பத்துப் பதினைந்து பேர் உள்ள சின்ன லைன். யார்டு மேனேஜர் நேரே வந்து பார்த்தார். டெமரேஜைத் தள்ளுபடி செய்யவில்லை (அதையும் சொல்லிவிட வேண்டும்), ஆனால் வந்துகொண்டிருந்த அடுத்த ஆறு வேகன்களைத் தன் யார்டிலேயே நிறுத்தி வைத்தார். ஒரு வேகன் சரக்கு மூன்று நான்கு லாரிக்குச் சமம், எங்கள் வாசலில் அதற்கு இடம் ஏது?

* * *

அப்பாவுக்குப் போனில் உங்கள் இரண்டு பேர் பதிலையும் வாசித்துக் காட்டினேன். பாலம் போன கதைக்கு உச்சுக் கொட்டினார். டெமரேஜ் என்றதும் குரலே மாறிவிட்டது. "அங்கயும் அதே பேருதானா? வார்ஃபேஜும் உண்டான்னு அந்தத் தம்பிகிட்ட கேளு" என்கிறார். இறக்கிய சரக்கை ரயில்வே இடத்திலிருந்து எடுக்காமல் விட்டால் இங்கே வாங்கும் அந்த வார்ஃபேஜ் கட்டணம், மிட்டாய் ஆலைத் தம்பி, அங்கே உண்டா?