கலைச்சொல்: ஒளியிழைக்குள் எழுதும் கீற்றணி

அன்புள்ள குழுவினருக்கு,

ஒளியிழைத் தகவல்தொடர்பு குறித்த பாடம் ஒன்றைத் தமிழில் எழுதிவருகிறேன். 'ஃபைபர் பிராக் கிரேட்டிங்' வந்ததும் பேனா நின்றுவிட்டது. இழையின் நடுவே ஒளி ஓடும் உள்ளகத்திலேயே அமைந்து, வரும் ஒளியில் ஒரு குறிப்பிட்ட அலைநீளத்தை மட்டும் வந்த வழியே திருப்பிவிட்டு, மற்றவற்றைப் போகவிடும் உறுப்பு இது. 'அலைநீள வடிகட்டி' என்றால் மாணவர்களுக்கு உடனே பிடிபடும். 'இழை எதிரொளிப்பான்' என்றும் ஓர் எண்ணம். உங்கள் கருத்து என்ன?

-----

அன்புள்ள ஐயா,

வடிகட்டியை ஏற்கத் தயக்கமாக இருக்கிறது. கண்ணாடித் தகட்டின் மேல் மென்படலங்களை அடுக்கிச் செய்வதும் அலைநீள வடிகட்டிதான். பொதுப்பெயரை ஒன்றுக்கு மட்டும் கொடுத்துவிட்டால், பத்துப் பக்கம் தள்ளி மற்றதைப் பற்றி எழுதும்போது உங்களுக்கே சிக்கல் வரும்.

'எதிரொளிப்பான்' இன்னும் மோசம். இதே குடும்பத்தில், கீற்றுகளுக்கு இடையே நூற்றுக்கணக்கான மைக்ரோமீட்டர் இடைவெளி விட்ட வகை ஒன்று இருக்கிறது. அது எதையும் திருப்பி அனுப்புவதில்லை. குறிப்பிட்ட அலைநீளத்தை உள்ளகத்திலிருந்து, அதைச் சூழ்ந்திருக்கும் கண்ணாடி உறைக்குள் தள்ளிவிடுகிறது. அங்கே அந்த ஒளி சிறிது தூரத்தில் தேய்ந்துபோகிறது. திருப்பாத ஒன்றை எதிரொளிப்பான் என்று எப்படி அழைப்பது?

பள்ளியில் 'விளிம்பு விளைவுக் கீற்றணி' படித்தவர்கள்தாம் உங்கள் பாடத்துக்கு வரப்போகிறார்கள். கையில் இருக்கும் கீற்றணியை ஏன் விட வேண்டும்? கீற்று என்றால் கீறல் அல்லவா, இழையில் யாரும் கீறுவதில்லையே என்று மறுப்பு வரும். பிறைக்கீற்று என்கிறோம், ஒளிக்கீற்று என்கிறோம். அங்கெல்லாம் யார் கீறினார்கள்? இழைக்குள் கீற்று என்பது ஒளிவிலகல் எண் சற்றே கூடிய மெல்லிய பட்டை, அவ்வளவுதான். அதைவிட முக்கியம், வேலையைச் செய்வது கீற்று அல்ல, அணி.

கணக்கைப் பாருங்கள். திரும்பும் அலைநீளம் என்பது ஒளிவிலகல் எண்ணையும் கீற்றிடைவெளியையும் பெருக்கி, அதை இரட்டித்தால் வருவது. 1550 நானோமீட்டர் திரும்ப வேண்டுமானால், ஒளிவிலகல் எண் 1.447 உள்ள இழையில் இடைவெளி ஏறத்தாழ 535.6 நானோமீட்டர். ஒரு சென்டிமீட்டருக்குள் சுமார் 18,670 கீற்றுகள். ஒவ்வொன்றும் திருப்பும் ஒளி மிக அற்பம். ஆனால் அடுத்தடுத்த இரு கீற்றுகளிலிருந்து திரும்பும் அலைகளுக்குள் பாதை வேறுபாடு சரியாக ஓர் அலைநீளம். ஆகவே எல்லாம் முகட்டோடு முகடாகக் கூடுகின்றன. ஒளிவிலகல் எண் 0.0001 அளவுக்கு ஏறி இறங்கினாலே போதும், அந்த ஒரு சென்டிமீட்டரில் 90 சதவீதத்துக்கு மேல் திரும்பிவிடும். திரும்பும் பட்டையின் அகலமோ சுமார் 0.2 நானோமீட்டர்தான்.

1540 நானோமீட்டர் ஒளிக்கு இந்தச் சலுகை இல்லை. கீற்றுக்குக் கீற்று சிறிது சிறிதாகப் பிசகி, ஏறத்தாழ 77 கீற்றுகள் தாண்டியதும் திரும்பும் அலை முதல் கீற்றின் அலைக்கு நேர் எதிராகிவிடுகிறது. முகடும் அகடும் ஒன்றையொன்று அழிக்க, ஒளி முன்னோக்கியே போகிறது. ஒரே கீற்று எவ்வளவு வலுவாக இருந்தாலும் இப்படித் தேர்ந்தெடுக்க அதனால் ஆகாது. இந்த ஒழுங்கைத்தான் 'அணி' சொல்கிறது.

இதற்கான வினைச்சொல்லை வரலாறே கொடுக்கிறது. 1978-இல் ஒட்டாவாவில், கனடாவின் தகவல்தொடர்பு ஆராய்ச்சி மையத்தில், கென் ஹில் குழுவினர் ஜெர்மானியம் கலந்த உள்ளகத்தில் ஆர்கான் லேசர் ஒளியைச் செலுத்தினார்கள். நேரம் ஆக ஆக, திரும்பி வரும் ஒளி கூடிக்கொண்டே போனது. மறுமுனையில் பட்டுத் திரும்பிய சுமார் 4 சதவீத ஒளி, எதிரே வந்த ஒளியோடு சேர்ந்து நிலையலையாகி, ஒளி மிகுந்த இடங்களிலெல்லாம் கண்ணாடியின் ஒளிவிலகல் எண்ணை மாற்றிவிட்டிருந்தது. அப்படிப் பதிந்தது, பதித்த லேசரின் அலைநீளத்தை மட்டுமே திருப்பும் என்பது குறை. 1989-இல் அமெரிக்காவில் ஜெரால்ட் மெல்ட்ஸ் குழுவினர் 244 நானோமீட்டர் புற ஊதாக் கதிர்கள் இரண்டைப் பக்கவாட்டிலிருந்து இழையின் மேல் சந்திக்கவைத்து, அவற்றின் கோணத்தை மாற்றி, வேண்டிய இடைவெளியில் எழுதிக் காட்டினார்கள். ஆம், கீற்றணியை எழுதுகிறோம், கீறுவதில்லை.

எனவே என் பரிந்துரை 'இழைக்கீற்றணி'. இழையில் அமைந்த கீற்றணி என்று விரிவதால் ககர ஒற்று மிகும். முன்னொட்டாகப் பெயர் வேண்டுமானால் 'பிராகு இழைக்கீற்றணி' என்று உகரம் சேர்த்து எழுதுங்கள். 'பிராக்' என்றால் செக் நாட்டுத் தலைநகரில் செய்தது என்று நினைப்பார்கள்; 1912-இல் படிகங்களின் எக்ஸ் கதிர் விதியைக் கண்ட லாரன்ஸ் பிராகுக்கு அந்த ஊரோடு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை.

-----

அன்புடையீர்,

பழைய கலைச்சொல் தொகுப்புகளில் 'நெய்யரி' என்று ஒன்று இருக்கிறதே, அதை மறந்துவிட்டீர்களா? நன்னூல் கடை மாணாக்கருக்கு உவமை சொல்லும்போது இல்லிக்குடம், ஆடு, எருமையோடு வருகிற அதே நெய்யரி. நெய்யை ஒழுகவிட்டுக் கசடைப் பிடித்துக்கொள்வது. ஒன்றை நிறுத்தி மற்றதைப் போகவிடும் உறுப்புக்கு இதைவிடப் பொருத்தமான சொல் உண்டா?

-----

அன்புள்ள அம்மையீர்,

சொல் அழகு. ஆனால் நெய்யரி பிரிப்பது துளையின் அளவால். இங்கே துளையே இல்லை. தவிர, நெய்யரியில் தங்குவது கசடு. இழைக்கீற்றணியைப் பாலங்களில் உணரியாகப் பொருத்துகிறார்கள். ஹாங்காங்கின் சிங் மா பாலத்திலும் பொருத்தியிருக்கிறார்கள். அங்கே வேண்டியதே அந்தத் திரும்பும் ஒளிதான். பாரம் ஏறி இழை நீண்டால் கீற்றிடைவெளியும் நீள்கிறது. மீட்டருக்கு ஒரு மைக்ரோமீட்டர் நீண்டாலே, 1550 நானோமீட்டர் அருகில் திரும்பும் அலைநீளம் சுமார் 1.2 பிக்கோமீட்டர் நகர்கிறது. வெப்பம் ஒரு டிகிரி செல்சியஸ் ஏறினாலும் ஏறத்தாழ 10 பிக்கோமீட்டர் நகரும் என்பதால், பாரம் தாங்காத இன்னொரு கீற்றணியைப் பக்கத்தில் வைத்துக் கழிக்க வேண்டும். இவ்வளவு நுட்பமாகச் சேதி சொல்லும் ஒளியைக் கசடு என்று நினைக்க மனம் வரவில்லை. நெய்யரிக்கு உரையில் பன்னாடை என்று பொருள் வருவதையும், அது இன்று வசைச்சொல் ஆகிவிட்டதையும் வகுப்பறையில் யார் சமாளிப்பது?

-----

அன்புள்ள குழுவினருக்கு,

'இழைக்கீற்றணி' என்றே மாற்றி எழுதத் தொடங்கிவிட்டேன். திருப்பாத அந்த வகைக்கு 'நெட்டிடைக் கீற்றணி' என்று வைத்திருக்கிறேன். இன்னொன்றில் மட்டும் உதவி வேண்டும். இடைவெளி ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குச் சீராகக் கூடிக்கொண்டே போகும் வகையை ஆங்கிலத்தில் பறவையின் கீச்சொலியை வைத்து அழைக்கிறார்கள். ஒவ்வோர் அலைநீளமும் அதில் வெவ்வேறு ஆழம் வரை போய்த் திரும்புவதால், நெடுந்தொலைவு ஓடிப் பரந்துவிட்ட ஒளித்துடிப்பை அதைக் கொண்டு மீண்டும் ஒடுக்க முடிகிறது. 'கீச்சுக் கீற்றணி' என்று எழுதக் கை வரவில்லை. 'ஏறிடைக் கீற்றணி' சரிவருமா? மறுமுனையிலிருந்து பார்த்தால் அது இறங்கிடை ஆகிவிடுமே என்பதுதான் யோசனை. வெள்ளிக்கிழமைக்குள் யாராவது சொன்னால் அந்த இயலை முடித்துவிடுவேன்.